ரபிகளும் அவர்களைச் சுற்றி வளர்ந்த கதைகளும்: அடிக்கடி கேட்கப்படும் கேள்விகள்

யூத சமயத் தலைவர்களான ரபிகளைப் பற்றிப் படிக்கத் தொடங்குபவர் முதலில் சந்திப்பது பெரும்பாலும் ஒரு கதையைத்தான். களிமண் மனிதனை உருவாக்கிய ரபி, சவப்பெட்டிக்குள் ஒளிந்து முற்றுகையைக் கடந்த ரபி, குகையிலிருந்து வெளிவந்து பார்வையாலேயே வயல்களை எரித்த ரபி என இவை நீள்கின்றன. இவற்றில் எது நடந்தது, எது பின்னால் சேர்ந்தது, சேர்த்தவர்கள் ஏன் சேர்த்தார்கள் என்ற கேள்விகளுக்கு இங்கே பதில் சொல்ல முயன்றிருக்கிறோம்.

தொன்மம் என்றால் பொய் என்று பொருளா?

இல்லை. பொய் சொல்பவருக்குத் தாம் சொல்வது உண்மையல்ல என்று தெரியும். ஒரு குருவின் கதையைத் தலைமுறைகளாகச் சொல்லிவருபவர்களுக்கு அப்படி ஓர் உணர்வு இருப்பதில்லை. ஆனால் தொன்மத்துக்கும் ஒரு பிறந்த தேதி உண்டு. அந்தத் தேதி தலைவர் வாழ்ந்த காலத்துக்கு மிகவும் பிந்தியதாக இருந்தால், அக்கதையைத் தலைவரைப் பற்றிய சான்றாகக் கொள்ளாமல், அதைச் சொல்லத் தொடங்கியவர்களைப் பற்றிய சான்றாகக் கொள்வதே சரியான வாசிப்பு.

பிராக் நகரத்து மஹரால் உண்மையிலேயே கோலெம் என்ற களிமண் மனிதனை உருவாக்கினாரா?

மஹரால் என்பது பட்டப்பெயரின் சுருக்கம். 'எங்கள் ஆசான் ரபி லோவ்' என்று அதை விரிக்கலாம். அவருடைய பெயர் யூதா லோவ் பென் பெசலேல். மொராவியாவில் இருபது ஆண்டுகள் ரபியாக இருந்தபின் 1573-இல் பிராக் நகருக்கு வந்தார். இடையில் போஸ்னான் நகரிலும் பணியாற்றினார். 1609-இல் பிராகில் காலமானார். வேதவிளக்கம், நெறியியல், தால்மூத் என்ற பழைய யூத விவாதத் தொகுப்பின் கதைப்பகுதிகளுக்கான தற்காப்பு எனப் பல பெரிய நூல்களை எழுதியவர். அவற்றில் எங்கும் அவர் களிமண்ணால் ஒரு வேலையாளைச் செய்ததாகக் குறிப்பு இல்லை. அதே நகரில் வாழ்ந்து அவரை நன்கறிந்த தாவீது கான்ஸ் 1592-இல் வெளியிட்ட வரலாற்று நூலிலும் இல்லை. பழைய யூத இடுகாட்டில் இன்றும் நிற்கும் அவருடைய கல்லறையிலும் இல்லை.

கான்ஸ் பதிவு செய்த வேறொரு செய்தி உண்டு. 1592-ஆம் ஆண்டின் தொடக்கத்தில் பேரரசர் இரண்டாம் ருடோல்ஃப் மஹராலை அரண்மனைக்கு வரவழைத்துப் பேசினார். அங்கே பேசப்பட்டது என்ன என்பது மறைபொருளாகவே வைக்கப்பட்டது என்றும் கான்ஸ் எழுதுகிறார். ருடோல்ஃபோ ரசவாதிகளையும் சோதிடர்களையும் தம்மைச் சுற்றி வைத்திருந்த அரசர். அத்தகைய அரசரும் ஒரு ரபியும் கதவைச் சாத்திக்கொண்டு பேசிய செய்தி வெளியே வராதபோது, கதை நுழைவதற்கு அந்தக் கதவிடுக்கே போதுமானதாக இருந்தது.

அப்படியானால் அந்தக் கதை அவர் பெயரோடு எப்போது சேர்ந்தது?

கோலெம் என்ற கருத்து மிகப் பழையது. ரவா என்ற அறிஞர் ஒரு மனிதனை உருவாக்கி ரபி செய்ராவிடம் அனுப்பினார் என்றும், செய்ரா பேசியபோது அவன் பதில் சொல்லாததால் 'உன் புழுதிக்கே திரும்பு' என்று அவர் சொன்னார் என்றும் பாபிலோனியத் தால்மூதின் சன்ஹெத்ரின் பகுதி சொல்கிறது. நவீனகால கோலெம் கதையின் முதல் நாயகர் மஹரால் அல்லர். 1583-இல் காலமான, போலந்தின் கெல்ம் நகரத்து ரபி எலியா. 17-ஆம் நூற்றாண்டுக் குறிப்புகள் போலந்து யூதர்களிடையே இக்கதை வழங்கியதைக் காட்டுகின்றன. எலியாவின் வழித்தோன்றலான ரபி யாக்கோபு எம்டன் 18-ஆம் நூற்றாண்டில் தம் முன்னோரைப் பற்றிய குடும்பச் செய்தியாகவே அதை எழுதினார்.

கதை பிராகுக்குக் குடிபெயர்ந்தது அச்சில் 1830-களுக்குப் பிறகுதான் தெரிகிறது. அதாவது மஹரால் இறந்து இருநூறு ஆண்டுகளுக்கு மேல் கழிந்தபின். கெல்ம் ஒரு சிறிய ஊர். பிராகோ அரசரும் அரண்மனையும் 13-ஆம் நூற்றாண்டுத் தொழுகைக்கூடமும் கொண்ட பெருநகரம். கதைகள் சிறிய பெயரிலிருந்து பெரிய பெயருக்கு நகர்வது எல்லா மரபுகளிலும் உள்ள வழக்கம். யாரோ பாடிய தனிப்பாடல்கள் ஔவையார் கணக்கில் சேர்வதைப் பார்த்த தமிழ் வாசகருக்கு இதை விளக்கவேண்டிய தேவை இல்லை.

கோலெம் யூதர்களைக் கொலைப்பழியிலிருந்து காத்தது என்ற பகுதி எங்கிருந்து வந்தது?

இதற்குத் துல்லியமான பதில் இருக்கிறது. 1909-இல் வார்சாவில் வாழ்ந்த ரபி யூதெல் ரோசன்பெர்க் 'மஹராலின் அற்புதங்கள்' என்ற பொருள்படும் தலைப்பில் ஓர் எபிரேய நூலை வெளியிட்டார். மெட்ஸ் நகரத்து நூலகத்தில் கிடைத்த பழைய கையெழுத்துப்படி அது என்றும், மஹராலின் மருமகன் ஐசக் காட்ஸ் எழுதியது என்றும் முன்னுரையில் சொன்னார். அப்படி ஒரு நூலகமும் இல்லை, கையெழுத்துப்படியும் இல்லை. நூல் முழுவதும் ரோசன்பெர்க்கின் கற்பனை.

அதுவரை வழங்கிய கதைகளில் கோலெம் தண்ணீர் சுமக்கும், விறகு வெட்டும், ஓய்வுநாளில் அடக்கம் மீறி அலையும். இரத்தப்பழியிலிருந்து, அதாவது பஸ்கா அப்பத்துக்காக யூதர்கள் கிறித்தவக் குழந்தைகளைக் கொல்கிறார்கள் என்ற பொய்க் குற்றச்சாட்டிலிருந்து, சமூகத்தைக் காக்கும் காவலனாக அதை மாற்றியவர் ரோசன்பெர்க். அவர் ஏன் அப்படி மாற்றினார் என்பதை அறிய 16-ஆம் நூற்றாண்டுப் பிராகைத் தேடிப் போகவேண்டியதில்லை. 1899-இல் பொகேமியாவின் போல்னா என்ற ஊரில் ஹில்ஸ்னர் என்ற யூதர்மீது இத்தகைய பழி சுமத்தப்பட்டது. 1903-இல் கிஷினேவ் நகரப் படுகொலைக்கும் இப்பழியே தூண்டுகோல். நூல் வெளிவந்து இரண்டு ஆண்டுகளில் கீயெவ் நகரில் பெய்லிஸ் என்ற யூதர் இதே பழியில் கைதானார். ருடோல்ஃபின் காலமோ பிராக் யூதர்களுக்கு ஒப்பளவில் நல்ல காலம். காவலன் தேவைப்பட்டது ரோசன்பெர்க்கின் தலைமுறைக்கு. அந்தத் தேவைதான் மூன்று நூற்றாண்டு பின்னோக்கிப் பயணம் செய்து மஹராலின் கைக்குக் களிமண்ணைக் கொடுத்தது.

இதனால் மஹராலின் புகழ் வளர்ந்ததுதானே? அதில் என்ன இழப்பு?

பெயர் வளர்ந்தது, ஆள் மறைந்தார். தம் காலத்துக் கல்விமுறையைக் கடுமையாகச் சாடியவர் அவர். சிறுவர்களை நேரடியாகத் தால்மூதின் சிக்கலான வாதங்களுக்குள் தள்ளி, முடிச்சுப் போட்டு முடிச்சவிழ்க்கும் சாமர்த்தியத்தைக் கல்வி என்று பெருமைப்படும் வழக்கத்தை அவர் எதிர்த்தார். ஐந்து வயதில் வேதம், பத்து வயதில் மிஷ்னா என்ற பழைய சட்டத்தொகுப்பு, பதினைந்தில் தால்மூத் என்று மிஷ்னாவே சொல்லும் படிமுறைக்குத் திரும்பவேண்டும் என்றார். எதிர்க்கருத்தைப் பேசவிடாமல் வாயடைப்பது வலிமையின் அடையாளமல்ல, பலவீனத்தின் அடையாளம் என்றும் எழுதினார். இன்று பிராகின் நினைவுப்பொருள் கடைகளில் களிமண் பொம்மை வாங்குபவர்களில் எத்தனை பேருக்கு இது தெரிந்திருக்கும் என்று எண்ணிப் பார்க்கலாம். என் கணிப்பில் இது நியாயமான பரிமாற்றம் அல்ல. ஆனால் அந்தப் பொம்மை இல்லையென்றால் ஒரு தமிழ்ப் பக்கத்தில் அவருடைய கல்விக்கொள்கையைப் பற்றி இப்போது பேசிக்கொண்டிருப்போமா என்பதும் ஐயமே.

பிராகின் பழைய தொழுகைக்கூடத்தின் பரணில் கோலெமின் உடல் கிடப்பதாகச் சொல்கிறார்களே, அது இன்னும் அங்கே இருக்கிறதா?

இல்லை. 1920-களில் எகோன் எர்வின் கிஷ் என்ற பத்திரிகையாளர் பரணில் ஏறிப் பார்த்து எதையும் காணாமல் இறங்கினார். பரண் பார்வையாளர்களுக்குத் திறக்கப்படுவதில்லை; ஆகவே கதைக்கு ஆபத்தில்லை.

இத்தகைய மாற்றங்கள் பிற்காலத்துக்கே உரியனவா? தால்மூத் காலத்தில் நினைவு நம்பகமாக இருந்ததா?

அங்கும் இதே நிலைதான். எருசலேம் கி.பி. 70-இல் ரோமரிடம் வீழ்வதற்குமுன் ரபான் யோகனான் பென் சக்காய் நகரிலிருந்து தப்பிய கதை இதற்குச் சிறந்த சான்று. பாபிலோனியத் தால்மூதின் கித்தின் பகுதியில், சீடர்கள் அவரை இறந்தவர்போல் சவப்பெட்டியில் சுமந்து வெளியேற்றுகிறார்கள். அவர் தளபதி வெஸ்பாசியனைப் 'பேரரசே' என்று வாழ்த்துகிறார். சற்று நேரத்தில் ரோமிலிருந்து அதே செய்தி வருகிறது. வரம் கேட்கச் சொன்னபோது, யாவ்னே ஊரையும் அதன் அறிஞர்களையும், கமாலியேல் வழிமரபையும், ரபி சாதோக்குக்கு மருத்துவர்களையும் கேட்கிறார்.

இக்கதையின் வேறு வடிவங்களும் பழைய நூல்களில் உள்ளன. புலம்பல் நூலுக்கான மித்ராஷ் என்ற பழைய விளக்கவுரையில் அவர் முதலில் கேட்பது நகரத்தை விட்டுவிடவேண்டும் என்பதையே. தளபதி மறுத்தபிறகுதான் சிலரையாவது வெளியேற விடுமாறு இறங்கிவருகிறார். வெஸ்பாசியனுக்கு அரியணை கிடைக்கும் என்று முன்னுரைத்த பெருமையை வரலாற்றாசிரியர் யோசேபு தமக்கே உரியதாக எழுதிவைத்திருக்கிறார் என்பதையும் மறக்கக்கூடாது.

எல்லா வடிவங்களும் சுற்றிச் சுற்றி வருவது ஒரே கேள்வியைத்தான்: பெரிய இடத்தில் ஒரே ஒரு வரம் கேட்கலாம் என்றால், நகரத்தைக் கேட்பதா, கல்விக்கூடத்தைக் கேட்பதா? தால்மூதே இதை மூடி மறைக்கவில்லை. 'இந்த ஒருமுறை அவர்களை விட்டுவிடு என்றல்லவா அவர் கேட்டிருக்கவேண்டும்' என்ற கண்டனத்தையும் அதே பக்கத்தில் பதிவு செய்கிறது. கோயிலை இழந்த சமூகம் கல்வியால் பிழைத்தது என்பது பின்னால் வந்தவர்களுக்குத் தெரிந்த முடிவு. அந்த முடிவைத் தொடக்கத்திலேயே அறிந்தவராக யோகனானை நிறுத்துவதுதான் கதையின் வேலை. அப்படி நிறுத்தியபின்னும் அவரைக் குற்றம் சொல்ல இடம் விட்டிருப்பதை இம்மரபின் நேர்மை என்றே சொல்வேன்.

ஒரே ஓர் எழுத்துப் பிழை ஒரு பெருவிழாவின் பொருளை மாற்றியது என்கிறார்களே?

ரபி சிமியோன் பார் யோகாய் 2-ஆம் நூற்றாண்டைச் சேர்ந்தவர். ரோமரிடமிருந்து தப்பி மகனுடன் பதின்மூன்று ஆண்டுகள் குகையில் வாழ்ந்தார் என்றும், முதல் முறை வெளியே வந்தபோது உழவு செய்துகொண்டிருந்தவர்களைக் கண்டு சினந்து நோக்கிய இடமெல்லாம் எரிந்தது என்றும், 'என் உலகை அழிக்கவா வந்தீர்கள்?' என்று விண்ணிலிருந்து எழுந்த குரல் ஒன்று அவர்களை மீண்டும் குகைக்கே அனுப்பியது என்றும் தால்மூத் சொல்கிறது. அவர் இறந்த நாள் எது என்று தால்மூத் சொல்லவில்லை.

இன்று லாக் பஓமர் எனப்படும் நாளை அவர் மறைந்த நாளாகக் கருதி, வட இஸ்ரேலின் மெரோன் மலையிலுள்ள அவர் கல்லறையில் பல்லாயிரக்கணக்கானோர் தீ மூட்டிக் கொண்டாடுகிறார்கள். 16-ஆம் நூற்றாண்டு சாஃபெத் நகர ஞானி ஹயீம் விட்டாலின் மரபில் அந்நாள் 'சிமியோனின் மகிழ்ச்சி நாள்' என்று இருந்தது. மகிழ்ச்சியைக் குறிக்கும் எபிரேயச் சொல்லில் ஹேத் என்ற ஓர் எழுத்து விடுபட்டால் அது 'அவர் இறந்த' என்று பொருள்படும் சொல்லாகிவிடும். அப்படி விடுபட்ட பாடமே அச்சேறிப் பரவியது. 18-ஆம் நூற்றாண்டில் ரபி ஹயீம் யோசேப் தாவீது அசூலாய் இப்பிழையைச் சுட்டிக்காட்டினார்; விழா அதற்காக நின்றுவிடவில்லை. 2021-இல் அவ்விழா நெரிசலில் 45 பேர் உயிரிழந்தார்கள். அதன் பிறகும் மக்கள் மெரோனுக்குப் போகிறார்கள்.

கபாலா என்ற யூத மறைஞான மரபின் முதன்மை நூலான சோகாரைச் சிமியோன் பார் யோகாயே எழுதினாரா?

மரபு அப்படித்தான் சொல்கிறது. நூல் வெளிப்பட்டதோ 13-ஆம் நூற்றாண்டின் இறுதியில், ஸ்பெயினின் காஸ்டில் பகுதியில், மோசே தெ லியோன் என்பவர் வழியாக. அவர் இறந்தபின் மூலப்படியைத் தேடிச்சென்ற ஆக்ரே நகரத்து ஐசக், அப்படி ஒரு மூலம் இல்லை, கணவர் தம் சிந்தையிலிருந்தே எழுதினார் என்று விதவை சொன்னதாகப் பிறர் வழியாகக் கேட்டு எழுதிய பதிவு உண்டு. தம் பெயரில் வெளியிட்டால் யாரும் பொருட்படுத்த மாட்டார்கள் என்று கணவர் காரணம் சொன்னாராம். பழைய குருவின் பெயரைத் தம் நூலுக்குச் சூட்டுவது அக்காலத்தில் திருட்டுக்கு நேர் எதிரான செயல். சொந்தப் புகழைத் துறப்பது. நூலின் அராமிய மொழிநடை பிற்காலத்தது என்பதை 20-ஆம் நூற்றாண்டில் கெர்ஷோம் ஷோலெம் விரிவாகக் காட்டினார்.

பால் ஷெம் தோவ் ஏழைகளின் கலகக்காரரா?

ஹசிதியம் என்ற யூத பக்தி இயக்கத்தின் மூலவராக, பால் ஷெம் தோவ் என்ற பெயரில் போற்றப்படும் இஸ்ரயேல் பென் எலியேசர் 1760-இல் இன்றைய உக்ரைனில் உள்ள மெஜ்போஜ் ஊரில் இறந்தார். அவரைப் பற்றிய கதைத்தொகுப்பு அச்சில் வந்தது 1814-15-இல். ஐம்பது ஆண்டுகளுக்கு மேலான இந்த இடைவெளியில் இயக்கம் பெருகி, பல கிளைகளாகப் பிரிந்து, கடும் எதிர்ப்பையும் சந்தித்துவிட்டது. அச்சிட்டவர் ஹபாத் கிளையைச் சேர்ந்தவர். தம் குருவழி கேட்ட செய்திகளைக்கொண்டு தொடக்கப் பகுதியைத் தாமே மாற்றி அமைத்ததாக அவரே குறிப்பிடுகிறார். மூலவரின் வரலாறு எந்தக் கிளையின் வாயிலாக வருகிறது என்பதும் வாரிசுரிமைப் பேச்சில் ஒரு பகுதிதானே.

பின்னால் வந்த எழுத்தாளர்கள் அவரை அறிஞர் ஆதிக்கத்துக்கு எதிராகப் பாமரர் பக்கம் நின்ற கலகக்காரராக வரைந்தார்கள். அமெரிக்காவில் பிறந்த வரலாற்றாய்வாளர் மோஷே ரோஸ்மன் போலந்துப் பிரபுக்குடும்பம் ஒன்றின் ஆவணங்களில் மெஜ்போஜ் ஊரின் வரிப்பதிவேடுகளைத் தேடி எடுத்து 1996-இல் எழுதியபோது வேறு உருவம் தெரிந்தது. யூத சமூக நிர்வாகத்துக்குச் சொந்தமான வீட்டில், வரி கட்டாமல் வாழ்ந்தவராக, 'பால் ஷெம்', 'மருத்துவர்' என்ற பெயர்களில் அவர் அங்கே பதிவாகியிருக்கிறார். ஊரை எதிர்த்தவருக்கு ஊர் வீடு கொடுக்காது. கதைகள் சொன்ன அற்புத வைத்தியரும் வரிக்கணக்கர் எழுதிய மருத்துவரும் ஒருவரே என்பதையும் கவனிக்கவேண்டும். ஆவணம் கதையின் ஒரு பாதியைக் கவிழ்த்து மறு பாதியை உறுதி செய்தது.

கல்லறை வழிபாடு யூத மரபில் ஏற்கப்பட்டதா?

நடைமுறையில் ஆம், கொள்கையில் எப்போதும் ஒரு முணுமுணுப்பு உண்டு. மோசேயின் கல்லறையை எவரும் அறியார் என்று உபாகமம் முடிகிறது. நீதிமான்களுக்குக் கல்லறைமீது நினைவுச்சின்னம் எழுப்புவதில்லை, அவர்களுடைய சொற்களே அவர்களுக்கு நினைவுச்சின்னம் என்பது எருசலேம் தால்மூதின் வாக்கு. 1204-இல் எகிப்தில் மறைந்த மைமோனிதஸ் அதைத் தம் சட்டத்தொகுப்பில் எடுத்தெழுதி, கல்லறைகளைச் சென்று பார்க்கும் வழக்கத்தையும் விலக்கினார்.

இன்று கலிலேயாவின் திபேரியாவில் அவருக்கென்று காட்டப்படும் கல்லறைக்குமேல் சிவப்பு வண்ண இரும்புச் சட்டங்களாலான உயர்ந்த அமைப்பு ஒன்று நிற்கிறது. நாள்தோறும் மக்கள் வந்து மெழுகுவர்த்தி ஏற்றுகிறார்கள். உடலைச் சுமந்த ஒட்டகம் அந்த இடத்தில் மண்டியிட்டு மேலே நடக்க மறுத்ததாகத் தலபுராணமும் உண்டு. தம் எழுத்தைப் படித்தவர்கள் வந்திருந்தால் இது நடந்திருக்காது என்று அவர் சொல்லியிருக்கக்கூடும்.

பெண்களுக்கு இத்தகைய நினைவு கிடைத்ததா?

அரிதாக. 19-ஆம் நூற்றாண்டில் லுத்மீர் ஊரில் ஹன்னா ராஹேல் என்ற பெண் தமக்கென ஒரு தொழுகையிடம் வைத்து, அறைக்குள் இருந்தபடியே வெளியே கூடியிருந்தவர்களுக்குப் போதித்தார். செர்னோபிலின் ரபி மொர்தெகாய் அவரைத் திருமணத்துக்கு இணங்க வைத்தார், மணம் நிலைக்கவில்லை, அவர் எருசலேம் சென்று அங்கேயே மறைந்தார். அவர் எழுதிய நூல் எதுவும் இல்லை. ஊர்ப் பெண்கள் சொல்லிவந்த கதைகளைக் கேட்டு 20-ஆம் நூற்றாண்டுத் தொடக்கத்தில் ஒருவர் எழுதிவைக்காவிட்டால் நமக்கு அவர் பெயரே கிடைத்திருக்காது. மஹராலைக் கதை மறைத்தது என்று மேலே குறைபட்டேன். இங்கே கதைதான் காப்பாற்றியது.

ஒருவரைத் திட்டமிட்டு மறந்ததுண்டா?

1665-66-இல் ஐரோப்பா முதல் ஏமன் வரை யூதர்கள் மெசியாவாக, அதாவது வரவிருந்த மீட்பராக, நம்பிய சபத்தாய் செவி, ஒட்டோமான் சுல்தானின் முன்னிலையில் இஸ்லாமைத் தழுவியபிறகு, அந்த நம்பிக்கையின் தடயங்களை அழிப்பதில் பல சமூகங்கள் முனைந்தன. ஆயினும் ஹாம்பர்கில் வாழ்ந்த கிளிக்கல் என்ற வணிகப் பெண்மணியின் நினைவுக்குறிப்பில் ஒரு காட்சி தப்பிப் பிழைத்திருக்கிறது: புனித நாட்டுக்குப் புறப்பட ஆயத்தமாக அவருடைய மாமனார் பருப்பும் உலர்ந்த இறைச்சியும் அடைத்த பீப்பாய்களை அனுப்பிவைத்தார், அவை நீண்ட காலம் திறக்கப்படாமல் காத்துக் கிடந்தன.

ஒளிப்படமும் காணொளியும் உள்ள காலத்தில் தொன்மம் வளர முடியுமா?

முடியும் என்பதற்கு ஹபாத் கிளையின் தலைவராக, லுபாவிச் ரெபே என்ற பெயரில் அறியப்பட்ட மெனாஹெம் மெண்டெல் ஷ்னேர்சன் சான்று. 1994-இல் நியூயார்க்கில் காலமான அவருடைய உரைகளும் கடிதங்களும் காணொளிகளும் பெருமளவில் சேமிக்கப்பட்டுள்ளன. அவருக்குப்பின் யாரும் அப்பதவிக்கு நியமிக்கப்படவில்லை. குவீன்ஸ் பகுதியிலுள்ள கல்லறைக்கு மக்கள் வேண்டுதல் எழுதிய தாள்களைக் கொண்டுவருகிறார்கள்; சிலர் கடிதத்தொகுதியை ஏதேனும் ஒரு பக்கத்தில் திறந்து, கண்ணில் பட்டதைத் தமக்கான பதிலாகக் கொள்கிறார்கள்; அவரையே மெசியா என்று நம்புவோரும் உண்டு. ஆவணம் பெருகினால் கற்பனை சுருங்கும் என்று எதிர்பார்த்தவர்கள், அந்த ஆவணமே வழிபாட்டுப் பொருளாகக்கூடும் என்பதை எண்ணவில்லை. 1810-இல் மறைந்த பிரெஸ்லாவின் ரபி நஹ்மானுக்கும் வாரிசு இல்லை. அவருடைய சீடர்கள் இன்றும் புத்தாண்டுக்கு உக்ரைனின் ஊமன் நகரத்தில் திரள்கிறார்கள்.

இந்தியாவில் இத்தகைய நினைவிடம் ஏதும் உண்டா?

கொச்சி மட்டாஞ்சேரியில் நெஹேமியா மோத்தாவின் கல்லறை உள்ளது. அவர் எபிரேயக் கவிஞர், கபாலா ஞானி. எபிரேய ஆண்டு 5376, கிஸ்லேவ் மாதம் 25-ஆம் நாள், அதாவது 1615-இன் இறுதியில் அவர் மறைந்ததாகக் கல்வெட்டு சொல்கிறது. அது ஹனுக்கா என்ற யூத விளக்குத் திருவிழா தொடங்கும் நாள். அவர் எந்த நாட்டிலிருந்து வந்தவர் என்பதில் கதைகள் ஒத்துப்போவதில்லை. கொச்சி யூதர்களில் பெரும்பாலோர் இஸ்ரேலுக்குக் குடிபெயர்ந்துவிட்டார்கள். சுற்றியுள்ள இந்துக்களும் கிறித்தவர்களும் முஸ்லிம்களும் அங்கே நேர்ந்துகொண்டு மெழுகுவர்த்தி ஏற்றும் வழக்கம் தொடர்ந்தது. அவருடைய பாடல்களின் மொழி அவர்களுக்குத் தெரியாது.

இத்தலைவர்கள் திரும்பி வந்தால் தங்களைப் பற்றிய கதைகளில் தங்களை அடையாளம் காண்பார்களா?

தால்மூதின் மெனஹோத் பகுதி ஏறத்தாழ இதே கேள்வியை எடுத்துக்கொள்கிறது. மோசே விண்ணேறியபோது இறைவன் தோரா என்ற வேதநூலின் எழுத்துகளுக்குச் சிறு கொம்புகளைச் சூட்டிக்கொண்டிருப்பதைக் காண்கிறார். இவை எதற்கு என்று கேட்க, பல தலைமுறைகளுக்குப்பின் அகிவா என்றொருவன் வருவான், இந்தக் கொம்பு ஒவ்வொன்றிலிருந்தும் குவியல் குவியலாகச் சட்டங்களை எடுப்பான் என்று பதில் வருகிறது. அவனைக் காணவேண்டும் என்கிறார் மோசே. காலம் கடந்து அகிவாவின் வகுப்பில், எட்டாம் வரிசைக்குப் பின்னால் போய் உட்காருகிறார். அங்கே பேசப்படுவது ஒன்றும் அவருக்குப் புரியவில்லை, தளர்ந்துபோகிறார். அப்போது ஒரு மாணவன், 'ஆசானே, இது உங்களுக்கு எங்கிருந்து கிடைத்தது?' என்று கேட்கிறான். 'சீனாய் மலையில் மோசேக்கு அருளப்பட்ட சட்டம் இது' என்கிறார் அகிவா. பின்வரிசையில் இருந்தவர் மனம் ஆறுகிறது.